போர்ச்சுகலின் உணவை நடந்தே அறிவது எப்படி: புதுச்சேரி, கடலூர்ப் பயணிகளுக்கு

பாரீசில் உறவினர் உள்ள குடும்பங்கள் புதுச்சேரியில் ஏராளம். அவர்களைப் பார்க்கச் செல்வோருக்கு, அங்கிருந்து ஏறத்தாழ இரண்டரை மணி நேர விமானப் பயணத்தில் எட்டிவிடக்கூடிய லிஸ்பனும் போர்ட்டோவும் நல்ல வாய்ப்புகள். பிரெஞ்சுக் கடவுச்சீட்டு வைத்திருப்பவர்களுக்குத் தனி அனுமதி எதுவும் தேவையில்லை. இந்தியக் கடவுச்சீட்டில் பெற்ற ஷெங்கன் விசாவும் போர்ச்சுகலுக்குச் செல்லுபடியாகும். சிக்கல் சாப்பாட்டில்தான் தொடங்குகிறது. உணவுப் பட்டியலில் உள்ள பெயர்கள் புரியாமல், எதில் என்ன இறைச்சி இருக்கும் என்ற அச்சத்தில், பீட்சாவையும் வறுத்த உருளைக்கிழங்கையும் தின்றே திரும்பி வருபவர்கள் உண்டு. 16ஆம் நூற்றாண்டிலேயே பரங்கிப்பேட்டையில் குடியேறி வணிகம் செய்த ஒரு மக்களின் சமையலை, நம் குழம்பில் கொதிக்கும் மிளகாயை அமெரிக்காவிலிருந்து இந்தியாவுக்குக் கொண்டுவந்தவர்களின் சமையலை, அவர்கள் ஊருக்கே போயும் சுவைக்காமல் திரும்புவது பெரிய இழப்பு என்று நான் உறுதியாக நம்புகிறேன். வழிகாட்டியுடன் மூன்று, நான்கு மணி நேரம் நடந்து, கடை கடையாகச் சிறிது சிறிதாக உண்டு பார்க்கும் உணவு நடை இந்த இழப்பைத் தவிர்க்கும். வயிறு நிறைவதற்காக மட்டும் அதில் சேர வேண்டாம். பயணத்தின் மீதி நாள்களில் துணையின்றி உணவகத்துக்குள் நுழைந்து, வேண்டியதைக் கேட்டு வாங்கி உண்ணக் கற்றுக்கொள்வதற்காகச் சேருங்கள். எனவே நடையைப் பயணத்தின் முதல் நாளிலோ இரண்டாம் நாளிலோ வைத்துக்கொள்ளுங்கள். கடைசி நாளில் வைத்தால், கற்றது பயன்படாமல் போகும்.

எந்த நகரம், எந்த நடை

ஒரே ஒரு நடைக்குத்தான் நேரமும் பணமும் உண்டு என்றால், மீனும் இறைச்சியும் உண்பவர்களுக்குப் போர்ட்டோவையும், சைவ உணவினருக்கு லிஸ்பனையும் பரிந்துரைப்பேன். போர்ட்டோவின் பெருமைக்குரிய உணவுகள் இறைச்சி மிகுந்தவை. மாட்டுக் குடலை வெள்ளைப் பயற்றுடனும் தொத்திறைச்சியுடனும் நெடுநேரம் வேகவைக்கும் திரிபாஷ் அந்நகரத்தின் அடையாளம். 1415இல் வட ஆப்பிரிக்கக் கரையில் உள்ள சேயுத்தா நகரின் மீது படையெடுத்துச் சென்ற கப்பல்களுக்கு நல்ல இறைச்சியை எல்லாம் கொடுத்துவிட்டு, எஞ்சிய குடலை நகர மக்கள் சமைத்துக்கொண்டார்கள் என்ற மரபுக் கதையை எந்த வழிகாட்டியும் சொல்லாமல் விடமாட்டார். ரொட்டித் துண்டுகளுக்கிடையே பல வகை இறைச்சிகளை அடுக்கி, மேலே பாலாடைக்கட்டியை உருக்கி, தக்காளியும் பீரும் சேர்ந்த காரச் சாற்றை ஊற்றித் தரும் ஃப்ரான்சிசீஞ்யாவும் அங்கேதான் பிறந்தது. லிஸ்பனிலோ, நாட்டின் தென்பகுதியான அலென்தேஜுவின் கொத்தமல்லி மணக்கும் சமையல் எளிதாகக் கிடைப்பதால், இறைச்சி இல்லாமலும் ஒரு நடையை நிறைவாக அமைத்துக்கொள்ள முடியும்.

நடத்துபவர்களைத் தேர்ந்தெடுக்கும்போது, போர்ச்சுகல் அரசின் சுற்றுலா அமைப்பிடம் அவர்கள் பதிவு பெற்றவர்களா என்று பாருங்கள். முறையாகத் தொழில் செய்பவர்கள் தங்கள் இணையப் பக்கத்தில் பதிவு எண்ணைப் போட்டிருப்பார்கள். இலவச நடை என்று விளம்பரம் செய்பவர்கள் முடிவில் அன்பளிப்பை எதிர்பார்ப்பார்கள், உணவின் விலையும் அதில் சேராது. எத்தனை பேர் வருவார்கள், எத்தனை கடைகளில் நிற்பார்கள், உணவின் விலை கட்டணத்தில் அடங்கியதா என்ற மூன்றையும் முன்பே கேளுங்கள். பத்துப் பேருக்கு மேற்பட்ட கூட்டத்தில் கேள்வி கேட்கவே வாய்ப்புக் கிடைக்காது. எட்டுப் பத்துக் கடைகளில் வாயை நனைத்துவிட்டு ஓடுவதைவிட, நான்கைந்து கடைகளில் நின்று பேசும் நடையே மேலானது.

குழந்தைகளோடு செல்பவர்களுக்கும் மது அருந்தாதவர்களுக்கும் காலை நடை பொருந்தும்; சந்தையும் ரொட்டிக்கடைகளும் சுறுசுறுப்பாக இருக்கும் நேரம் அது. மாலை நடைகள் பெரும்பாலும் ஒயினைச் சுற்றி அமைந்தவை. ஞாயிற்றுக்கிழமையைத் தவிருங்கள்: போர்ட்டோவின் பழம்பெரும் சந்தையான பொல்யாவுக்கு அன்று விடுமுறை, குடும்பங்கள் நடத்தும் சிறிய உணவகங்களில் பலவும் மூடியிருக்கும். பல படகுகள் ஞாயிறன்று கடலுக்குச் செல்வதில்லை என்பதால், திங்களன்று புதிய மீனை எதிர்பார்க்க வேண்டாம். கடலூர் முதுநகர்த் துறைமுகத்தில் மீன் வாங்கிப் பழகியவர்களுக்கு இதை விளக்கத் தேவையில்லை. மத்தி மீனைக் கரியில் சுட்டுத் தின்னும் பருவம் ஜூனில் தொடங்குகிறது. அந்த மாதம் 12ஆம் நாள் இரவு லிஸ்பனில் புனித அந்தோணியார் திருவிழாவும், 23ஆம் நாள் இரவு போர்ட்டோவில் புனித அருளப்பர் திருவிழாவும் நடைபெறும்போது தெருவெங்கும் மத்திப் புகைதான். குளிர்காலத்தில் போனால் டப்பியில் அடைத்த மத்தியைத் தருவார்கள். அதை மட்டமாக எண்ண வேண்டாம். போர்ட்டோவுக்கு அருகே உள்ள மத்தொசீஞ்யுஷில் 1920 முதல் இயங்கும் ஒரு தொழிற்சாலையில் இன்றும் மீனைக் கையாலேயே சுத்தம் செய்து அடுக்குகிறார்கள்.

உணவுக் கட்டுப்பாடுகளைச் சொல்லும் முறை

இந்தப் பகுதியில்தான் நம்மவர்கள் மிகுந்த கவனம் செலுத்த வேண்டும். சைவம் என்று மட்டும் எழுதி அனுப்பினால் மீனையும் முட்டையையும் கொண்டுவந்து வைக்கக்கூடும். இறைச்சி வேண்டாம் என்றால், சூப்பில் மிதக்கும் ஒரு துண்டுத் தொத்திறைச்சியை அவர்கள் இறைச்சிக் கணக்கில் சேர்க்காமலும் போகலாம். ஆகவே முன்பதிவின்போதே, உண்ணாதவற்றை ஒவ்வொன்றாக எழுதுங்கள்: மாடு, பன்றி, கோழி, மீன், இறால், நண்டு, முட்டை, பன்றிக்கொழுப்பு, மது என்று உங்களுக்குப் பொருந்துவதையெல்லாம் குறிப்பிட்டு, வேகவைத்த நீரிலும் அவை இருக்கக்கூடாது என்றால் அதையும் சேருங்கள். புரட்டாசியில் புலால் தவிர்ப்பவர்களும் வெள்ளிக்கிழமை விரதம் இருப்பவர்களும் தேதியைப் பார்த்துப் பதிவு செய்வது நல்லது.

எவற்றில் ஏமாற வாய்ப்புண்டு என்பதையும் சொல்லிவிடுகிறேன். கால்டு வேர்டி என்பது உருளைக்கிழங்கை மசித்து, கீரையை மெல்லிய இழைகளாக நறுக்கிப் போட்ட சூப். பார்வைக்குச் சைவம், ஆனால் பன்றித் தொத்திறைச்சித் துண்டு ஒன்றாவது அதில் விழுந்திருக்கும். கோவா வழியாகப் போன ஷமூசா லிஸ்பனின் காப்பிக் கடைகளில் அடுக்கி வைக்கப்பட்டிருக்கும். நம் ஊர்ச் சமோசா என்று எண்ணிக் கடித்துவிடாதீர்கள், உள்ளே பெரும்பாலும் இறைச்சிதான். அல்யேரா என்னும் தொத்திறைச்சி, கட்டாய மதமாற்றத்துக்கு உள்ளான யூதர்கள் பன்றியைத் தவிர்ப்பதற்காகக் கோழியையும் ரொட்டியையும் கொண்டு செய்தது என்று கூறப்படுகிறது. அந்தக் கதையை நம்பிப் பரங்கிப்பேட்டையிலிருந்து வரும் முஸ்லிம் அன்பர்கள் அதை வாங்கிவிடக்கூடாது, ஏனெனில் இன்று விற்பவற்றில் பலவற்றில் பன்றி இறைச்சி கலந்திருக்கிறது. அவர்கள் நடையில் மீனோடு நிறுத்திக்கொண்டு, ஹலால் இறைச்சிக்கு லிஸ்பனின் மார்த்திம் மொனீஷ் பகுதியில் உள்ள வங்கதேசத்தவரின் உணவகங்களுக்குச் செல்லலாம். இனிப்பிலும் கவனம் தேவை: பாதாம் சேர்த்துச் செய்யும் டோசீஞ்யு டு செயுவில் மரபுப்படி பன்றிக்கொழுப்பு உண்டு.

சைவர்கள் கேட்டு வாங்க வேண்டியவையும் இருக்கின்றன. பீன்ஸை முழுதாக, பெரும்பாலும் முட்டை கலந்த மாவில் தோய்த்துப் பொரிக்கும் பெய்ஷீஞ்யுஷ் டா ஓர்த்தா. செர்ரா டா எஸ்த்ரேலா மலைப்பகுதியின் செம்மறியாட்டுப் பால் பாலாடைக்கட்டி, இதில் பாலைத் திரிக்க விலங்குப் பொருளுக்கு மாறாக ஒரு வகை முட்செடியின் பூவைப் பயன்படுத்துகிறார்கள். சோளமாவில் சுடும் கனத்த ப்ரோவா ரொட்டி. தக்காளியோடு குழைய வேகவைத்த சாதம். முட்டை உண்பவர்கள் அசோர்டாவை விடக்கூடாது. பூண்டையும் கொத்தமல்லித் தழையையும் உப்புடன் இடித்து, ஆலிவ் எண்ணெயும் கொதிநீரும் ஊற்றி, பழைய ரொட்டியை ஊறவைத்து, மேலே முட்டையை இடும் இந்த ஏழைகளின் உணவு, அந்நாட்டுச் சமையலில் என் மனத்துக்கு மிக நெருக்கமானது. சில இடங்களில் மீன் வேகவைத்த நீரை ஊற்றுவார்கள் என்பதால், அதை மட்டும் கேட்டுக்கொள்ளுங்கள்.

நடையின்போது

லிஸ்பனும் போர்ட்டோவும் மேடு பள்ளமானவை. சமதளத்தில் நடந்து பழகிய புதுச்சேரி முதியவர்கள் ஏற்றங்கள் எவ்வளவு என்று முன்பே விசாரிக்க வேண்டும். வழுவழுப்பான சிறு கற்கள் பதித்த நடைபாதையில் மழை பெய்தால் கால் வழுக்கும், ஆகவே பிடிப்புள்ள காலணி அவசியம். காலை உணவைக் காப்பியோடு நிறுத்திக்கொள்ளுங்கள். பால் காப்பி வேண்டுமென்றால் கலாவு என்று கேட்க வேண்டும், வெறுமனே காப்பி என்றால் சிறு கோப்பையில் கடுங்காப்பி வந்துவிடும்.

நடையில் மிகுந்த நேரம் தர வேண்டியது பக்கல்யாவு என்னும் உப்பிட்டு உலர்த்திய காட் மீனுக்கு. நம் பெரிய மார்க்கெட்டின் கருவாட்டுக் கடையைப் போலவே பலகை பலகையாக அடுக்கி, வாடையோடு விற்பார்கள். வியப்பு என்னவென்றால், இது போர்ச்சுகல் கடலில் கிடைக்கும் மீனே அன்று. 16ஆம் நூற்றாண்டிலேயே அட்லாண்டிக்கைக் கடந்து நியூஃபவுண்ட்லாந்து வரை சென்று பிடித்து, கெடாமலிருக்க உப்பிட்டுக் கொண்டுவந்தார்கள். இன்று பெரும்பகுதி நார்வேயிலிருந்தும் ஐஸ்லாந்திலிருந்தும் வருகிறது. கிறிஸ்துமஸுக்கு முந்திய இரவில் இதை முட்டைகோசோடும் உருளைக்கிழங்கோடும் வேகவைத்து உண்பது குடும்ப வழக்கம். கடைக்காரரிடம் தடிமனான நடுத்துண்டுக்கும் மெலிந்த ஓரத்துண்டுக்கும் உள்ள விலை வேறுபாட்டைக் கேளுங்கள். எந்தத் துண்டு எந்தச் சமையலுக்கு என்று அவர் விளக்குவதிலேயே பாதி சமையற்கலை அடங்கியிருக்கும். ஒரு நாள் முதல் இரண்டு நாள் வரை, தண்ணீரைப் பலமுறை மாற்றி ஊறவைத்தால்தான் உப்பு இறங்கும். முதன்முறை உண்பவர்கள் உருளைக்கிழங்கோடு பிசைந்து பொரித்த உருண்டையில் தொடங்குவது நல்லது.

இனிப்புகளைப் பற்றியும் வழிகாட்டியிடம் வரலாறு கேளுங்கள். மொறுமொறுப்பான மாவு ஓட்டில் முட்டைக் கலவையை நிரப்பிச் சுட்ட பஸ்தேல் டி நாத்தா உள்ளிட்ட பலவற்றில் முட்டையின் மஞ்சள் கரு ஏன் இவ்வளவு மிகுதி என்றால், கன்னியர் மடங்களில் உடைக்குக் கஞ்சி போடவும் ஒயினைத் தெளிய வைக்கவும் வெள்ளைக் கருவைப் பயன்படுத்தியதால் மஞ்சள் கரு குவிந்தது என்று விளக்கம் சொல்வார்கள். 1834இல் துறவு மடங்கள் கலைக்கப்பட்டன. லிஸ்பனின் பெலேம் பகுதியில் ஜெரோனிமுஷ் மடத்தின் அருகே 1837 முதல் இந்த இனிப்பை விற்கும் கடை இன்றும் இருக்கிறது. சூடாக, மேலே பட்டைப் பொடி தூவி, அங்கேயே நின்று உண்ண வேண்டும். பொட்டலம் கட்டி விடுதிக்குக் கொண்டு போனால் ஓடு நமத்துவிடும்.

மது அருந்தாதவர்கள், நடையில் மது தரும் இடத்தில் அதற்கு மாற்றாக என்ன தருவார்கள் என்று முன்பே கேட்கலாம். அருந்துபவர்கள் லிஸ்பனில் 1840 முதல் புளிப்புச் செர்ரி மது விற்றுவரும் சிறிய கடையையும், போர்ட்டோவுக்கு எதிர்க்கரையான காயாவில் உள்ள போர்ட் ஒயின் கிடங்குகளையும் பார்க்கலாம்.

நடை முடிந்த பின்

அன்றிரவே, பிடித்த உணவுகளின் பெயர்களைக் கேட்ட ஒலிப்பிலேயே தமிழில் எழுதி வைத்து, மறுநாள் தனியாக ஓர் எளிய உணவகத்துக்குச் செல்லுங்கள். பிற்பகல் ஒரு மணிக்குப் போனால் அன்றைய சாப்பாடு மலிவாகக் கிடைக்கும். இரவு உணவுக்கு ஏழரைக்கு முன் பல கடைகள் திறப்பதில்லை. உட்கார்ந்ததும் கேட்காமலே ரொட்டி, ஆலிவ், பாலாடைக்கட்டி கொண்டுவந்து வைப்பார்கள். அது இலவசமன்று, தொட்டால் விலை உண்டு, வேண்டாமென்றால் எடுத்துக்கொள்ளும்படி பணிவாகச் சொல்லிவிடலாம், யாரும் தவறாக நினைக்கமாட்டார்கள். பட்டியலில் முழு அளவு, அரை அளவு என்று இரண்டு விலைகள் போட்டிருந்தால், முழு அளவு இருவருக்குத் தாராளமாகப் போதும். தனியாகச் செல்பவர் மெய்யா டோஸ் என்று கேட்டு அரை அளவே வாங்க வேண்டும்.