வீட்டுக் கடனுக்கு மொத்தம் எவ்வளவு கட்டப் போகிறீர்கள்? கணக்கை நீங்களே போட்டுப் பாருங்கள்

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவரிடம் கடன் எவ்வளவு, வட்டி எத்தனை சதவீதம், மாதத் தவணை எவ்வளவு என்று கேட்டால் தயங்காமல் சொல்லிவிடுவார். கடன் முடிகிற அன்றைக்கு மொத்தமாக எவ்வளவு கட்டியிருப்பீர்கள் என்று கேட்டால்தான் பலருக்கும் பதில் தெரிவதில்லை. அவர்கள் மேல் தப்பில்லை, அந்த எண்ணை யாரும் அவர்கள் முன்னால் எடுத்து வைப்பதில்லை. மாதத் தவணையைச் சம்பளம் தாங்குமா தாங்காதா என்பதோடு பேச்சு முடிந்துவிடுகிறது. பெரும்பாலான குடும்பங்கள் வாழ்நாளில் செய்யும் மிகப் பெரிய செலவு இதுதான், அதனால் கையெழுத்துப் போடுவதற்கு முன் ஒரு மாலை நேரத்தை ஒதுக்கி இந்தக் கணக்கைப் போட்டுவிடுங்கள் என்று உறுதியாகச் சொல்வேன். பெருக்கவும் வகுக்கவும் கழிக்கவும் தெரிந்தால் போதும்.

ஓர் உதாரணத்தை எடுத்துக்கொள்வோம், கடைசி வரை இதையே வைத்துப் பேசலாம். கடன் 50 லட்சம், வட்டி ஆண்டுக்கு 9 சதவீதம், காலம் 20 ஆண்டுகள், அதாவது 240 மாதங்கள். எந்த நாட்டுப் பணமாக இருந்தாலும் விகிதம் இதேதான் வரும். இதற்கு மாதத் தவணை 44,986. இதை 240ஆல் பெருக்குங்கள், ஏறக்குறைய 1 கோடியே 8 லட்சம் வரும். வாங்கியது 50, திருப்பிக் கட்டுவது 108. வித்தியாசமான 58 லட்சம் முழுவதும் வட்டி, அதாவது அசலைவிட அதிகம்.

இது எப்படி இவ்வளவு வந்தது என்று புரிந்துகொண்டால்தான் குறைக்க வழி தெரியும், அதனால் இங்கே கொஞ்சம் நிதானமாகப் போவோம். மாத வட்டி என்பது பாக்கி இருக்கும் அசல் மீது ஆண்டு வட்டியில் பன்னிரண்டில் ஒரு பங்கு. முதல் மாதம் பாக்கி முழு 50 லட்சம், அதற்கு 9 சதவீதம் 4,50,000, அதை 12ஆல் வகுத்தால் 37,500. நீங்கள் கட்டும் 44,986இல் முதலில் இந்த 37,500 வட்டிக்குப் போய்விடும், மிச்சம் 7,486 மட்டும்தான் அசலைத் தொடும். அடுத்த மாதம் பாக்கி 49,92,514, வட்டி 37,444, அசலுக்கு 7,542. இப்படி மாதம் ஐம்பது அறுபது என்று மெல்ல மெல்லத்தான் அசல் பங்கு ஏறுகிறது. முதல் ஆண்டு முழுவதும் 5 லட்சத்து 40 ஆயிரம் கட்டியிருப்பீர்கள், ஆனால் கடன் இறங்கியிருப்பது 94 ஆயிரத்துக்கும் குறைவாகத்தான்.

இந்த அட்டவணையை நீங்களே உருவாக்குங்கள். எக்செல், கூகுள் ஷீட்ஸ் எதில் வேண்டுமானாலும் செய்யலாம், நான்கு நெடுவரிசைகள் போதும்: மாதத் தொடக்கத்தில் பாக்கி, அந்த மாத வட்டி (பாக்கியை ஆண்டு வட்டியால் பெருக்கி 12ஆல் வகுத்தது), அசலுக்குப் போனது (தவணையில் வட்டியைக் கழித்தது), மாத முடிவில் பாக்கி. முதல் வரியை மட்டும் கவனமாக எழுதிவிட்டு, இரண்டாவது வரியின் தொடக்கப் பாக்கியை முதல் வரியின் முடிவுப் பாக்கியோடு இணைத்து, அப்படியே கீழே 240 வரி இழுத்துவிட்டால் வேலை முடிந்தது. தவணையைக் கண்டுபிடிக்க அதிலேயே பிஎம்டி (PMT) என்றொரு சூத்திரம் இருக்கிறது. மாத வட்டி விகிதம் (9 சதவீதத்தை 12ஆல் வகுத்தது), மாதங்களின் எண்ணிக்கை, கடன் தொகை மூன்றையும் கொடுத்தால் போதும். இணையத்தில் கிடைக்கும் இஎம்ஐ கால்குலேட்டர்களும் இதையே செய்கின்றன என்றாலும், சொந்தமாகச் செய்த அட்டவணையில்தான் இடையில் ஒரு தொகையைச் சேர்த்துக் கட்டினால் என்ன ஆகும், வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று மாற்றி மாற்றிப் பார்க்க முடியும்.

அட்டவணை தயாரானதும் 120ஆவது வரிக்குப் போய்ப் பாருங்கள். பத்து ஆண்டுகள், பாதிக் காலம் முடிந்துவிட்டது, கையிலிருந்து போனது 54 லட்சம், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம். பாக்கி இன்னும் 35 லட்சத்து 51 ஆயிரம் நிற்கும். அசல் பாதியாகக் குறைவது 168ஆவது மாதத்தில், பதினான்கு ஆண்டுகள் முடிந்த பிறகு. யாரும் ஏமாற்றியதால் இப்படி ஆகவில்லை, குறையும் பாக்கி மீது வட்டி போடும் நேர்மையான கணக்கே இப்படித்தான் நடக்கும். நீண்ட காலக் கடனில் முற்பாதி வட்டிக்கும் பிற்பாதி அசலுக்கும் என்று கிட்டத்தட்டப் பிரிந்துவிடுகிறது. பத்து வருடம் கழித்து வீட்டை விற்கவோ கடனை முடிக்கவோ நினைப்பவர்கள் இந்த 120ஆவது வரியை இன்றைக்கே பார்த்து வைத்துக்கொள்வது மிகவும் முக்கியம்.

அடுத்தது காலம். தவணை சுமையாகத் தெரிந்தால் காலத்தை நீட்டிக்கொள்ளலாம் என்பது எல்லோரும் சுலபமாகச் சொல்லும் யோசனை. அதே 50 லட்சத்தை 30 ஆண்டுகளுக்கு எடுத்தால் தவணை 40,231 ஆகிறது, மாதம் 4,755 மிச்சம். மொத்த வட்டியோ 58 லட்சத்திலிருந்து கிட்டத்தட்ட 95 லட்சமாகிவிடுகிறது. ஐயாயிரம்கூடக் குறையாத தவணைக்காக 37 லட்சம் கூடுதல் வட்டி! மாறாக 15 ஆண்டுகளுக்கு எடுத்தால் தவணை 50,713, மாதம் 5,727 அதிகம், மொத்த வட்டி 41 லட்சத்துச் சொச்சம். காலத்தை நீட்ட நீட்டத் தவணை குறைகிற வேகம் மங்கிக்கொண்டே போகிறது, வட்டி மட்டும் வேகம் குறையாமல் ஏறுகிறது. வேறு வழியே இல்லாத குடும்பத்துக்கு நீண்ட காலம் தேவைப்படலாம், அதில் வெட்கப்பட எதுவும் இல்லை. ஆனால் தாங்கக்கூடிய தவணை இருக்கும்போது பேச்சுவாக்கில் 30 என்று ஒப்புக்கொள்ள வேண்டாம்.

வட்டி மாறும் கடனாக இருந்தால் இன்னொன்றையும் கட்டாயம் கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள்: வட்டி ஏறும்போது தவணையை ஏற்றுவார்களா, காலத்தை நீட்டுவார்களா? இதில் எதைச் செய்கிறார்கள் என்பதை வைத்தே லட்சக்கணக்கில் மாறிவிடும். நம் உதாரணத்தில் தொடக்கத்திலேயே வட்டி 9இலிருந்து 10 சதவீதமாக ஏறுகிறது என்று வையுங்கள். தவணையை ஏற்றினால் அது 48,251 ஆகும், மொத்த வட்டி சுமார் 8 லட்சம் கூடும். தவணையைத் தொடாமல் காலத்தை நீட்டினால் 240 மாதம் 314 மாதமாகிவிடும், மொத்த வட்டி சுமார் 33 லட்சம் கூடும். அறுபது வயதில் முடிய வேண்டிய கடன் அறுபத்தாறு வரை இழுக்கும், அதாவது சம்பளம் நின்ற பிறகும் தவணை நிற்காது. வங்கிக் கணக்கிலிருந்து மாதாமாதம் அதே தொகைதான் போகிறது என்பதால் வீட்டில் யாருக்கும் இது உறைக்காது, இந்தக் கடனில் நான் அதிகம் கவலைப்படும் இடமும் இதுதான். 11 சதவீதமாக ஏறினால் நிலைமை இன்னும் மோசம்: முதல் மாத வட்டியே 45,833, தவணையோ 44,986. வட்டிக்கே போதாது, கட்டக் கட்டக் கடன் வளரும். ஆகவே வட்டி மாறியதாகச் செய்தி வந்த ஒவ்வொரு முறையும் பாக்கி மாதங்கள் எத்தனை என்று கேட்டு வாங்குங்கள், கூடியிருந்தால் தவணையை ஏற்றச் சொல்லி எழுதிக் கொடுங்கள்.

சரி, குறைக்க என்ன வழி? அசலை முன்கூட்டியே குறைப்பதைவிடப் பலமான வழி வேறில்லை, அதிலும் எப்போது கட்டுகிறீர்கள் என்பதுதான் பெரிது. முதல் ஆண்டு முடிவில் 5 லட்சத்தைச் சேர்த்துக் கட்டி, தவணையை மாற்றாமல் தொடர்ந்தால் கடன் நான்கு ஆண்டுகளுக்கும் மேல் முன்னதாக முடிகிறது, மிச்சமாகும் வட்டி 17 லட்சத்துக்கு மேல். அதே 5 லட்சத்தைப் பதினைந்தாம் ஆண்டு முடிவில் கட்டினால் மிச்சம் சுமார் 2 லட்சத்து 40 ஆயிரம் மட்டும். பெரிய தொகை கையில் இல்லாதவர்கள் ஆண்டுக்கு ஒரே ஒரு தவணையைக் கூடுதலாகக் கட்டினாலும் 20 ஆண்டுக் கடன் பதினாறரை ஆண்டில் முடிந்துவிடும், பதினொன்றரை லட்சம் வட்டி குறையும். ஆனால் கட்டும்போது இந்தத் தொகை அசலுக்குப் போக வேண்டும், தவணை அப்படியே இருக்கக் காலம் குறைய வேண்டும் என்று தெளிவாக எழுதிக் கொடுங்கள். சில இடங்களில் தாங்களாகவே தவணையைக் குறைத்துக் காலத்தை அப்படியே விட்டுவிடுவார்கள், வட்டியில் கிடைக்க வேண்டிய லாபத்தில் பெரும்பகுதி அதில் போய்விடும். முன்கூட்டிக் கட்டினால் அபராதம் உண்டா என்பதையும் ஒப்பந்தத்தில் பாருங்கள். நிலையான வட்டிக் கடன்களில் இது இருக்க வாய்ப்பு அதிகம்.

அதற்காகக் கையிருப்பை முழுவதும் துடைத்துக் கடனில் போடாதீர்கள். வேலை போனாலோ உடம்புக்கு ஏதாவது வந்தாலோ கட்டிய அசலை யாரும் திருப்பித் தர மாட்டார்கள், சில மாதச் செலவுக்கும் தவணைக்கும் பணம் தனியாக இருக்கட்டும். கிரெடிட் கார்டு பாக்கி போல இதைவிட அதிக வட்டிக் கடன் இருந்தால் அதை முதலில் முடியுங்கள். அப்புறம் மிஞ்சுவதை இங்கே போடலாம். 9 சதவீதக் கடனை அடைப்பது என்பது எந்த ஆபத்தும் இல்லாமல் 9 சதவீதம் சம்பாதிப்பதற்குச் சமம்.

வட்டி குறைவான வேறு வங்கிக்குக் கடனை மாற்றும் விஷயத்தில் நிறையப் பேர் சறுக்குகிறார்கள். பத்தாம் ஆண்டு முடிவில் பாக்கி 35 லட்சத்து 51 ஆயிரம் என்று பார்த்தோம். இன்னொரு வங்கி 8 சதவீதத்துக்கு, புதிதாக 20 ஆண்டுகளுக்குத் தருகிறேன் என்கிறது, தவணை 29,704 ஆகிவிடும். மாதம் பதினைந்தாயிரம் குறைவதைப் பார்த்ததும் யாருக்கும் மனம் இறங்கும். ஆனால் பழைய கடனைத் தொடர்ந்தால் இனிக் கட்ட வேண்டியது 54 லட்சம், புதியதில் கட்டப் போவது 71 லட்சத்துக்கு மேல். வட்டி விகிதம் குறைந்தும் செலவு 17 லட்சம் ஏறிவிட்டது, காரணம் கடிகாரம் மறுபடியும் முதலிலிருந்து ஓடத் தொடங்கியதுதான். அதே 8 சதவீதத்துக்கு மாறி, பழைய தவணையான 44,986ஐயே தொடர்ந்து கட்டினால் ஏழெட்டு மாதம் முன்னதாக முடிந்து, சுமார் 3 லட்சத்து 40 ஆயிரம் மிச்சமாகும். மாற்றும் செலவுகளை இதில் கழித்துப் பார்த்து முடிவெடுங்கள்.

வட்டிக்கு வெளியே நிற்கும் செலவுகளும் உண்டு: விண்ணப்பக் கட்டணம், மதிப்பீட்டாளர் கட்டணம், வழக்கறிஞர் கட்டணம், அடமானப் பதிவு, காப்பீடு. எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக் கூட்டி, அதையும் சேர்த்து இரண்டு வங்கிகளை ஒப்பிடுங்கள். கட்டணம் இல்லை என்கிறவரின் வட்டி கால் சதவீதம் அதிகமாக இருந்தால், நம் கடனில் அந்தக் கால் சதவீதம் மட்டும் 20 ஆண்டுகளில் 1 லட்சத்து 90 ஆயிரம். காப்பீட்டு பிரீமியத்தைக் கடனோடு சேர்த்துவிடலாம் என்று சொன்னால் யோசியுங்கள், ஒரு லட்சம் பிரீமியம் 9 சதவீத வட்டியில் 20 ஆண்டுகளில் 2 லட்சத்து 16 ஆயிரமாகிவிடும். முடிந்தால் தனியாகக் கட்டிவிடுங்கள். வீடு கட்டி முடிவதற்குள் பணத்தைப் பகுதி பகுதியாக விடுவித்து, அதுவரை வட்டி மட்டும் வசூலிப்பார்கள். அந்த மாதங்களில் அசல் ஒரு பைசாகூடக் குறையாது, கட்டுமானம் தாமதமானால் அதுவும் செலவுதான்.

இன்னொரு பக்கத்தையும் நேர்மையாகச் சொல்ல வேண்டும். 108 லட்சத்தை ஒரே நாளில் நீங்கள் கட்டவில்லை. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், இருபதாம் ஆண்டில் கட்டும் 44,986 இன்றைய மதிப்பில் வெறும் 17 ஆயிரம் அளவுக்குத்தான் கனக்கும். வீட்டு வாடகையும் மிச்சமாகிறது. அதனால் மொத்தத் தொகையைப் பார்த்துப் பயந்து வீடே வேண்டாம் என்று ஓட வேண்டியதில்லை. ஆனால் உங்கள் வருமானமும் விலைவாசியோடு சேர்ந்து ஏறினால்தான் இந்த ஆறுதல் உங்களுக்கு உண்மை, அது ஏறும் என்று நம்பித் தாங்க முடியாத தவணைக்கு ஒப்புக்கொண்டால் முதல் சில ஆண்டுகளிலேயே மூச்சு முட்டும்.

கடனை முடிக்கும் நாளிலும் கொஞ்சம் வேலை இருக்கிறது. கடைசித் தவணை போனதும் பாக்கி இல்லை என்ற சான்றிதழை எழுத்தில் வாங்குங்கள், கொடுத்து வைத்த மூலப் பத்திரங்களைப் பட்டியலோடு ஒப்பிட்டு ஒவ்வொன்றாகச் சரிபார்த்துப் பெறுங்கள், அரசுப் பதிவில் வீட்டின் மேல் இருக்கும் அடமானம் நீக்கப்பட்டதா என்று சில வாரங்கள் கழித்து நீங்களே போய்ப் பாருங்கள்.