பின் பிரேக் பேட்டைத் தொடுமுன் மோட்டாரிடம் கேளுங்கள்

கோத்தகிரியிலிருந்து மேட்டுப்பாளையத்துக்கு இறங்கும்போதுதான் அந்தச் சத்தம் முதலில் கேட்டது. பிரேக்கை லேசாக மிதித்தால் பின்பக்கத்திலிருந்து, தகரத்தின் மேல் ஆணியை இழுப்பது போல ஒரு கீச்சு. டிஸ்கைக் கவ்வி வண்டியை நிறுத்தும் பேட் தேய்ந்து, அதன் இரும்பு முதுகு டிஸ்கைத் தொடுகிறது என்று அந்த நொடியே தெரிந்துவிட்டது. டாஷ்போர்டில் ஒரு விளக்கும் எரியவில்லை. என் வண்டியில் தேய்மானம் சொல்லும் சென்சார் முன் சக்கரத்தில் மட்டும்தான்; பின்னால் என்ன நடக்கிறது என்று காது சொன்னால் உண்டு.

வண்டி 2009-ஆம் ஆண்டு ஃபோக்ஸ்வாகன் பஸாத், டீசல், ஆட்டோமேட்டிக். ஏழு வயதான பிறகு என் கைக்கு வந்தது. கோவையில் ஒரு நூற்பு மில்லில் 31 ஆண்டு ரிங் ஃபிரேம் ஃபிட்டராக இருந்தவனுக்கு பிரேக் பேட் மாற்றுவது பெரிய காரியமில்லை. ஆனால் இந்த வண்டியில் ஹேண்ட் பிரேக்குக்கு லீவர் கிடையாது, பட்டன்தான். அந்தப் பட்டனை மதிக்காததால் ஏற்கெனவே ஒரு முறை பணம் அழுதிருக்கிறேன்.

முந்தைய தடவை ஒரு பட்டறையில் விட்டேன். பெயர் வேண்டாம். வேலை செய்த பையன் கெட்டிக்காரன்தான், ஆனால் லீவர் வைத்த வண்டிகளிலேயே கை பழகியவன். பேட்டைத் தள்ளும் பிஸ்டன், புதிய தடித்த பேட்டுக்கு இடம் விட்டு உள்ளே போக மறுத்ததும், திருகி அழுத்தும் சி-கிளாம்பின் கைப்பிடியில் ஒரு இரும்புக் குழாயை மாட்டி நெரித்துவிட்டான். உள்ளே ‘டக்’கென்று ஒரு சத்தம். அன்று மாலை பட்டனை அழுத்தினால் இடது பக்க மோட்டார் சுற்றுகிறது, சக்கரத்தைப் பிடிக்கவில்லை. பிஸ்டனையும் பேட்டையும் தாங்கும் காலிப்பரையே மாற்ற வேண்டியதாயிற்று.

அந்தப் பழைய காலிப்பரைக் கேட்டு வாங்கி வந்து வீட்டில் பிரித்துப் பார்த்தேன். பிஸ்டன் உட்புறம் குழிவானது. அந்தக் குழிக்குள் ஒரு திருகுத் தண்டும் அதன் மேல் ஓடும் நட்டும் இருக்கின்றன. காலிப்பரின் முதுகில் உட்கார்ந்திருக்கும் சிறிய மோட்டார், முதலில் ஒரு பல் பட்டையின் வழியாக 3-க்கு 1, பிறகு சாய்ந்தாடும் பற்சக்கரத்தின் வழியாக 50-க்கு 1 என்று வேகத்தைக் குறைக்கிறது. அதாவது மோட்டார் 150 சுற்று சுற்றினால் தண்டு ஒரு சுற்று. மில்லில் நூல் சுற்றும் எங்கள் ஸ்பிண்டில் நிமிடத்துக்குப் பதினைந்தாயிரம் சுற்று ஓடும். இந்த ஸ்பிண்டில் ஆமை. ஆனால் பிடி பொல்லாதது. தண்டு சுற்றும்போது நட்டு முன்னால் நகர்ந்து பிஸ்டனை உள்ளிருந்து தள்ளும், பேட் டிஸ்கைக் கவ்வும். மரையின் சாய்வு குறைவு என்பதால் மின்சாரத்தை நிறுத்தினாலும் நட்டு பின்வாங்காது. இரவு முழுக்கச் சரிவில் வண்டி நிற்பது இதனால்தான்.

வெளியிலிருந்து பிஸ்டனை எவ்வளவு அழுத்தினாலும் நட்டு அசையாமல் இருப்பதும் இதனால்தான். நட்டைப் பின்னுக்கு இழுக்காமல் கிளாம்பு வைத்தால், நசுங்குவது உள்ளே இருக்கும் பற்சக்கரமும் தாங்கியும். ஆகவே முதலில் மோட்டாரை விட்டே நட்டைப் பின்னுக்கு வாங்கச் சொல்ல வேண்டும். வேலை முடிந்ததும் மறுபடி பிடிக்கச் சொல்ல வேண்டும். நடுவில் இருப்பதெல்லாம் சாதாரண ஸ்பேனர் வேலை.

ஒரு எச்சரிக்கை. எல்லா பட்டன் பிரேக்கும் இப்படி அல்ல. சில வண்டிகளில் மோட்டார் வேறெங்கோ உட்கார்ந்து கேபிளை இழுக்கும்; டிஸ்கின் நடுக் கிண்ணத்துக்குள் தனி பிரேக் ஷூ இருக்கும். அங்கே பேட்டுக்கும் பட்டனுக்கும் சம்பந்தமில்லை. சக்கரத்துக்குப் பின்னால் டார்ச் அடித்துப் பாருங்கள்: காலிப்பரின் முதுகில் கறுப்பு பிளாஸ்டிக் டப்பாவும் அதற்கு ஒரு மின்கம்பியும் போனால், நான் சொல்லும் வகை.

தேவையானவை: 17 அளவு வீல் ஸ்பேனர், 13 ரிங் ஸ்பேனர், 15 அளவில் மெல்லிய திறந்த வாய் ஸ்பேனர், இறுக்கத்தை அளந்து காட்டும் டார்க் ரெஞ்ச், ஜாக்கி, அதற்கு மேல் கட்டாயம் ஸ்டாண்டு, கம்பி பிரஷ், பிரேக் கிளீனர், சி-கிளாம்பு, ஒரு பெரிய சிரிஞ்சு. பேட் பெட்டியில் நான்கு புதிய போல்டுகள் வரவேண்டும். வராவிட்டால் தனியாக வாங்குங்கள். மரையில் பசை பூசிய போல்டை இரண்டாம் முறை போடக்கூடாது. பேட் எப்போதும் இரண்டு சக்கரத்துக்கும் சேர்த்துத்தான். கூடவே ஒரு லேப்டாப், வண்டியின் கன்ட்ரோலரோடு பேசும் வி.சி.டி.எஸ். மென்பொருள், லேப்டாப்பை வண்டியோடு இணைக்கும் அதன் யு.எஸ்.பி. கேபிள். என்னிடம் கேபிள் இருக்கிறது, லேப்டாப் பேத்தியுடையது. ஆகவே பேத்தியும் கருவிப் பட்டியலில் உண்டு.

சமதளத்தில் வண்டியை நிறுத்தி, ஹேண்ட் பிரேக் பிடித்திருக்கும்போதே பின் சக்கர போல்டுகளைக் கால் சுற்று தளர்த்திவிடுங்கள். பிறகு கியரை ‘பி’யில் போட்டு, முன் சக்கரங்கள் இரண்டுக்கும் முன்னும் பின்னும் கட்டை வையுங்கள். இதைச் சோம்பலில் விடாதீர்கள். இன்னும் சற்று நேரத்தில் பின் பிரேக் முழுதாகத் திறந்துகொள்ளும். வண்டியை நிறுத்தி வைத்திருப்பது ‘பி’யும் அந்தக் கட்டைகளும் மட்டும்தான். பேட்டரி பழையதானால் சார்ஜரை மாட்டிக்கொள்ளுங்கள், பாதியில் மின்னழுத்தம் இறங்கினால் மோட்டார் நடுவழியில் நின்றுவிடும்.

பானெட்டைத் திறந்து பிரேக் ஆயில் டப்பாவைப் பாருங்கள். ‘மேக்ஸ்’ கோட்டுக்கு அருகில் இருந்தால் சிரிஞ்சால் கொஞ்சம் உறிஞ்சி எடுங்கள். பிஸ்டன் உள்ளே போகும்போது அந்த ஆயில் திரும்ப மேலே வரும். வழிந்தால் பெயின்ட்டைத் தின்றுவிடும். சிந்தினால் துடைக்காதீர்கள், தண்ணீர் ஊற்றிக் கழுவுங்கள்.

இப்போது லேப்டாப். இன்ஜினை இயக்க வேண்டாம், இக்னிஷன் மட்டும். பிரேக்கை மிதித்துப் பட்டனை அழுத்தி ஹேண்ட் பிரேக்கை விடுவித்துவிட்டு, மென்பொருளில் 53 என்ற பார்க்கிங் பிரேக் பகுதிக்குப் போக வேண்டும். அதில் ‘பேசிக் செட்டிங்ஸ்’, குழு எண் 007. பேத்தி திரையைப் பார்த்துவிட்டுச் சொன்னாள்: “அப்புச்சி, ஏழு போட்டால்தான் திறக்குமாம், ஆறு போட்டால் மூடுமாம். தலைகீழாக வைத்திருக்கிறார்கள்.” உண்மைதான், அதனால்தான் காகிதத்தில் எழுதி ஸ்டியரிங்கில் ஒட்டச் சொன்னேன். என் வண்டியின் வயதுக்கு இந்த எண்கள். புதிய மாடல்களில் எண் இல்லை, பெயர்ப் பட்டியலிலிருந்து தேர்ந்தெடுக்க வேண்டும். வேறு கம்பெனி வண்டிக்கு வழியே வேறு. அதன் சர்வீஸ் கையேட்டைப் பார்க்காமல் என் எண்களை எடுத்துப் போகாதீர்கள்.

007-ஐ இயக்கியதும் பின்னாலிருந்து இரண்டு மோட்டாரும் ‘க்ர்ர்ர்’ என்று ஓடும். வழக்கமாகப் பட்டனை விடும்போது கேட்பதைவிட நீளமான ஓட்டம். தானாக நிற்கும்வரை ஒன்றையும் தொடாதீர்கள். நின்றதும் இக்னிஷனை அணைத்து, சாவியைப் பிடுங்கி உங்கள் சட்டைப்பையில் போட்டுக்கொள்ளுங்கள். காலிப்பர் கழன்று தொங்கும் நேரத்தில் யாராவது பட்டனைத் தொட்டாலோ பிரேக்கை மிதித்தாலோ பிஸ்டன் வெளியே வந்துவிடும், கை நடுவில் இருந்தால் கையும் போய்விடும். பேத்தியிடம் “காரை விட்டு இறங்கிவிடு கண்ணு” என்று சொல்லி அனுப்பிவிட்டுத்தான் ஜாக்கியைத் தொட்டேன்.

தூக்கி, ஸ்டாண்டு வைத்து, சக்கரத்தைக் கழற்றியாகிவிட்டது என்று வைத்துக்கொள்வோம். ஒரு பக்கத்தை முழுதாக முடித்துவிட்டுத்தான் மறுபக்கம் போக வேண்டும். எது எப்படி இருந்தது என்று மறந்தால் எட்டிப் பார்க்க மறுபக்கம் மாதிரியாக இருக்கும்.

காலிப்பரின் பின்புறம் மேலும் கீழும் ஒவ்வொரு 13 போல்டு. கழற்றும்போது, காலிப்பர் வழுக்கி நகர உதவும் ஊசி போன்ற கைடு பின்னும் கூடவே சுற்றும், அதை 15 ஸ்பேனரால் பிடித்துக்கொள்ளுங்கள். இரண்டும் வந்ததும் காலிப்பரை அசைத்து எடுத்து, கம்பியால் ஸ்பிரிங்கில் கட்டித் தொங்கவிடுங்கள். ஹோஸ் பைப்பிலோ மோட்டார் வயரிலோ எடை விழக்கூடாது. மோட்டாரின் பிளக்கைப் பிடுங்க வேண்டிய அவசியமே இல்லை.

பழைய பேட்டைக் குப்பையில் எறியுமுன் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். என் வலது சக்கரத்தில் வெளிப் பேட்டில் இன்னும் 4 மில்லிமீட்டர் இருந்தது, உள் பேட்டில் ஒன்றுமே இல்லை. 2 மில்லிமீட்டர் வந்தாலே மாற்றியிருக்க வேண்டும். இரண்டு பேட்டும் சமமாகத் தேயாவிட்டால் காலிப்பர் நகராமல் நின்றிருக்கிறது என்று பொருள். கீழ் கைடு பின்னை உருவினேன். வெல்லப் பாகு காய்ந்தது போல கிரீஸ் இறுகிப் பழுப்பாகிக் கிடந்தது, ரப்பர் உறையின் ஓரத்தில் துருப்பொடி. கீச்சுச் சத்தத்தின் உண்மையான காரணம் இந்தப் பின்தான். பேட்டை மட்டும் மாற்றியிருந்தால் அடுத்த வருடம் இதே இடத்தில் உட்கார்ந்திருப்பேன். பின்னைத் துடைத்து, ரப்பரைக் கெடுக்காத சிலிகான் பிரேக் கிரீஸை மெல்லிசாகப் பூசினேன். பேரிங் கிரீஸ் போடாதீர்கள், ரப்பர் ஊதிவிடும். பெட்ரோலும் மண்ணெண்ணெயும் அந்தப் பக்கமே வரக்கூடாது.

பேட் உட்காரும் தடத்தைக் கம்பி பிரஷால் தேய்க்கும்போது கிளீனரை அடித்து ஈரமாக்கிக்கொள்ளுங்கள். தூசியை வாயால் ஊதுகிற பழக்கம் எங்கள் தலைமுறைக்கு உண்டு. பஞ்சுத் தூசியில் வேலை பார்த்த எத்தனையோ பேருடைய மூச்சு என்ன ஆனது என்று பார்த்தவன் சொல்கிறேன், ஊதாதீர்கள். டிஸ்கின் தடிமனையும் அளந்துவிடுங்கள். என் வண்டிக்குப் புதியது 12 மில்லிமீட்டர், 10-க்கு வந்தால் மாற்ற வேண்டும். இரும்பு உரசிய வலது டிஸ்க் பள்ளம் பள்ளமாக இருந்ததால் இரண்டையும் புதிதாகப் போட்டேன். அதற்குக் காலிப்பரைத் தாங்கும் சட்டத்தையும் கழற்ற வேண்டும், அது வேறு கதை.

இனி பிஸ்டன். பழைய பேட் ஒன்றைப் பிஸ்டன் முகத்தில் வைத்து அதன் மேல் சி-கிளாம்பைப் பிடியுங்கள். லீவர் வண்டிகளில் பின் பிஸ்டனைச் சுற்றிச் சுற்றி உள்ளே அனுப்புவார்கள். இதில் சுற்றக்கூடாது, நேராக அழுத்தினால் போதும். நட்டு உண்மையிலேயே பின்வாங்கியிருந்தால் கிளாம்பின் கைப்பிடி இரண்டு விரலுக்கே அடங்கும். கால் சுற்று, ஒரு மூச்சு, கால் சுற்று என்று பிஸ்டன் மெல்ல நழுவும். இரண்டு விரலுக்கு அடங்காமல் உள்ளங்கை கேட்டால் அங்கேயே நிறுத்துங்கள். கிளாம்பை எடுத்துவிட்டு லேப்டாப்புக்குத் திரும்பிப் போய் 007-ஐ மறுபடி ஓட்டுங்கள். குழாய் மாட்ட நினைத்தால் என் பழைய காலிப்பரை நினைத்துக்கொள்ளுங்கள்.

லேப்டாப் இல்லாமல் முடியாதா என்று கேட்பார்கள். பேட்டரியிலிருந்து நேராக மோட்டாருக்கு இரண்டு வயர் கொடுத்து ஓட்டுகிற வித்தை ஒன்று உண்டு. வண்டியின் கன்ட்ரோலர், மோட்டார் இழுக்கும் மின்னோட்டத்தை அளந்துதான் எங்கே நிறுத்துவது என்று முடிவு செய்கிறது. நேரடி வயருக்கு அந்தப் புத்தி கிடையாது. கோடிவரை ஓடி, முட்டி, மோட்டாரோ பற்சக்கரமோ ஒன்று போகும். அவசரத்துக்குக்கூட நான் செய்யமாட்டேன்.

புதிய பேட்டின் முதுகில் ஒட்டுத்தாள் இருந்தால் உரித்துவிட்டுப் பொருத்துங்கள். பேட்டின் உராயும் முகத்தில் விரல்கூடப் படவேண்டாம். காலிப்பரை மேலே இறக்கி, புதிய போல்டுகளை 35 நியூட்டன் மீட்டரில் இறுக்குங்கள். ஹோஸ் முறுக்கியிருக்கிறதா என்று ஒரு பார்வை. அடுத்த பக்கமும் இப்படியே.

சக்கரங்களைப் பூட்டி வண்டியைத் தரையில் இறக்கிய பிறகு வரிசை முக்கியம். முதலில் பிரேக் பெடலை மெதுவாக, முழு நீளம் போகாமல், பல முறை மிதியுங்கள். முதல் மிதி பஞ்சு மூட்டையில் கால் வைத்தது போல இறங்கும். கல்லாகும்வரை மிதிக்க வேண்டும். பிஸ்டன் முதலில் பேட்டைத் தொடட்டும், அதன் பிறகுதான் நட்டு பிஸ்டனைத் தேடி வரவேண்டும். பெடல் இறுகியதும் இக்னிஷனைப் போட்டு 53-க்குள் போய்க் குழு 006. மோட்டார் நட்டை முன்னால் கொண்டுவந்து நிறுத்தும். அடுத்து 010, அது பிரேக்கைப் பிடித்து விட்டுப் பிடித்து விட்டுத் தானே சோதித்துக்கொள்ளும். அதுவரை வண்டிக்கு வெளியே யாரும் சக்கரத்தருகில் நிற்கவேண்டாம். பிழைப் பதிவு ஏதாவது நின்றிருந்தால் படித்துக்கொண்டு அழித்துவிட்டுப் பட்டனை நீங்களே ஒருமுறை அழுத்திப் பாருங்கள். ஆயில் மட்டம் குறைந்திருந்தால் சீல் உடையாத புதிய டாட் 4 பிரேக் ஆயில் டப்பாவிலிருந்து ஊற்றுங்கள். சிரிஞ்சில் எடுத்த பழசு வேண்டாம்.

மறுநாள் அதிகாலை சிறுவாணி சாலையில் ஆள் நடமாட்டம் தொடங்குமுன் புதிய பேட்டை டிஸ்கோடு பழக்கி உட்கார வைத்தேன். அறுபதிலிருந்து இருபதுக்கு நிதானமாகக் குறைப்பது, கொஞ்ச தூரம் ஆற விடுவது, மறுபடி. பத்துப் பன்னிரண்டு தடவை. சூடான டிஸ்கோடு மிதித்தபடி நிற்காதீர்கள், அந்த இடத்தில் பேட்டின் அச்சு பதிந்துவிடும். திரும்பி வந்ததும் நான்கு சக்கரத்துக்கும் அருகே புறங்கையைக் கொண்டுபோய்ப் பார்த்தேன். பின்னிரண்டும் ஒரே சூடு, வலது பக்கம் தனியாகக் காயவில்லை.

50 கிலோமீட்டர் ஓடிய பிறகு சக்கர போல்டுகளை 120 நியூட்டன் மீட்டரில் மறுபடி சோதித்தேன். இடது பின் சக்கரத்தில் ஒன்று அரைக்கால் சுற்று வாங்கியது.