மோரேயா நத்தைக்கு இழைத்த தவறுகள்

தோட்டத்தில் நத்தையைக் கண்டால் நம் வீடுகளில் கை உப்பு ஜாடிக்குத்தான் போகும். வாழைக் கன்றையும் பப்பாளிச் செடியையும் ஒரே ராத்திரியில் மொட்டையாக்கும் ஆப்பிரிக்கப் பெருநத்தையைப் பார்த்தவர்களுக்கு அந்தக் கோபம் நியாயம்தான். அதே கோபத்தை எல்லா நத்தைகள் மீதும் காட்டுவதுதான் முதல் தவறு.

தெற்குப் பசிபிக்கில் டஹிட்டிக்குப் பக்கத்தில் உள்ள சிறிய தீவு மோரேயா. பார்ட்டுலா டோஹிவியானா என்ற மர நத்தைக்கு உலகத்திலேயே அது ஒன்றுதான் சொந்த ஊர். விரல் நுனியில் அடங்கிவிடும். பகலெல்லாம் இலையின் அடியில் ஒட்டிக் கிடக்கும். ஈரம் இறங்கியதும் வந்து மக்கிய இலையையும் பாசியையும் சுரண்டித் தின்னும். விவசாயிக்கு அதனால் ஒரு தொல்லையும் இல்லை.

அந்தத் தீவுக்கும் ஆப்பிரிக்கப் பெருநத்தை வந்து சேர்ந்தது. அதை ஒழிக்க 1977-ல் அமெரிக்காவின் ஃப்ளோரிடா பக்கத்து ஓநாய் நத்தையைக் கொண்டுவந்து விட்டார்கள். வேலியில் போன ஓணானை மடியில் கட்டிக்கொண்ட கதைதான். ஹவாயில் 1955-லேயே இதே நத்தையை விட்டு உள்ளூர் நத்தைகளைப் பறிகொடுத்திருந்தார்கள் என்பதை நினைத்தால் எனக்கு மனம் ஆறவே இல்லை.

ஓநாய் நத்தை மற்ற நத்தைகளின் கோழைத் தடத்தை மோப்பம் பிடித்தே பின்தொடரும். வாயோரம் மீசை போல நீண்ட உதடுகளால் தடத்தைத் தடவிக்கொண்டே போகும். சின்ன நத்தை என்றால் ஓட்டோடு விழுங்கிவிடும். பெரிய ஓடுள்ள ஆப்பிரிக்க நத்தையோடு மல்லுக்கட்டுவதைவிட மோரேயாவின் குட்டி நத்தைகள் அதற்கு எளிய இரை. பத்தே ஆண்டில், 1987-க்குள், அந்தக் காடுகளில் டோஹிவியானா உட்பட பார்ட்டுலா வகை மர நத்தை இனங்கள் ஏறக்குறைய துடைத்தெடுக்கப்பட்டன.

“நத்தைதானே, முட்டை போட்டுப் பெருகிவிடும்” என்பது அடுத்த தவறு. ஆப்பிரிக்க நத்தை ஒரே தடவையில் நூற்றுக்கும் மேல் முட்டையிடும். பார்ட்டுலாவோ ஓடு மூடிய குட்டியாகவே ஈனும், அதுவும் ஒரு முறைக்கு ஒன்று. தாய் நத்தைகள் போய்விட்டால் ஈடுகட்ட வழியே இல்லை.

பிடித்து வளர்த்துக் காப்பதிலும் கவனம் தேவை. ஒரே இடத்தில் மட்டும் வைத்திருப்பது ஆபத்து. அதே பசிபிக்கில் உள்ள ராயாட்டேயா தீவின் பார்ட்டுலா டர்ஜிடா, ஒட்டுண்ணி நோய் தாக்கி, 1996 ஜனவரியில் லண்டன் விலங்குக் காட்சிசாலையில் கடைசி உயிரையும் இழந்தது. டோஹிவியானாவைப் பல காட்சிசாலைகளில் பிரித்து வளர்த்ததால் அது தப்பித்தது.

நாம் செய்யக்கூடியதும் உண்டு. தொட்டி மண்ணையும் செடியையும் ஊர்விட்டு ஊர் கொண்டுபோகும்போது ஒட்டிய நத்தை, முட்டைகளைப் பார்த்து எடுங்கள். அழகாக இருக்கிறதே என்று உயிருள்ள நத்தையைத் தூக்கி வந்து வேறிடத்தில் விடாதீர்கள். 1847-ல் கல்கத்தாவுக்கு மொரீஷியஸிலிருந்து ஒருவர் கொண்டுவந்த ஆப்பிரிக்க நத்தைதான் இன்று நம் தோட்டங்களில் ஊர்கிறது. அதைப் பிடிக்க வேண்டுமானால் இரவில் கையுறை போட்டுப் பொறுக்குங்கள். மேற்குத் தொடர்ச்சி மலைப் பக்கம் இருப்பவர்கள் உப்பை எடுக்குமுன் எந்த நத்தை என்று பாருங்கள். செக்கச் சிவந்த உடம்போடு ஊரும் இந்த்ரெல்லா அந்த மலையைத் தவிர வேறெங்கும் இல்லை.

காட்சிசாலைகளில் வளர்த்து மோரேயாவில் திரும்ப விட்ட நத்தைகளின் ஓட்டில் புற ஊதா விளக்கில் ஒளிரும் வண்ணப் புள்ளி வைத்திருந்தார்கள். 2024-ல் தேடிப் போனவர்கள் கண்ணில் புள்ளியே இல்லாத, வளர்ந்த டோஹிவியானாக்கள் பட்டன. அவை காட்டிலேயே பிறந்தவை.