மரமேறும் முள்ளம்பன்றி: வாலைப் பார்த்த பிறகு பேர் சொல்லுங்கள்

ஜவ்வாது மலையடிவாரத்தில் ராத்திரியோடு ராத்திரியாக மல்லாட்டைக் கொல்லையைக் கிளறிவிட்டுப் போகும் முள்ளம்பன்றி வேறு. சில படங்களில் கிளையோடு வாலைச் சுற்றிக்கொண்டு ஒன்று உட்கார்ந்திருக்குமே, அது வேறு. பள்ளிக்கூட சார்ட்டில் "நம்மூர் முள்ளம்பன்றி" என்று எழுதி, இரண்டாவதை ஒட்டிவிடுகிறார்கள். நம்முடையது வளை தோண்டித் தரையில் வாழ்வது, 11 முதல் 18 கிலோ வரை இருக்கும். மரத்திலிருப்பது தென் அமெரிக்காவின் பிரேசில் முள்ளம்பன்றி. 5 கிலோவைத் தொட்டாலே பெரிசு.

முதலில் வாலைப் பாருங்கள். நம்மூர் வால் குட்டை. நுனி முட்கள் உள்ளே கூடாக இருப்பதால் உதறினால் கிலுகிலுக்கும். மரமேறியின் வால் நீளம். நுனியில் முள்ளே கிடையாது, வெறும் தோல்தான். முள் இருந்தால் கிளையைப் பிடிக்க முடியாதே. வரைகிறவர்கள் சறுக்குவதும் இங்கேதான். வாலால் தொங்கும் அமெரிக்கக் குரங்குகளுக்கு நுனி கீழ்ப்பக்கமாகச் சுருளும். இதற்கோ மேல்பக்கமாகச் சுருளும், பிடிமானம் வாலின் மேல்தோலில். (நம்மூர்க் குரங்கு வாலால் தொங்குவதே இல்லை, அது தனிக் கதை.) அடுத்து மூக்கு: உருண்டு, வெளிறிய சிவப்பில் உப்பியிருக்கும்.

ஆனால் மரத்தில் ஏறுவதெல்லாம் வால் சுற்றும் என்று முடிவு கட்டாதீர்கள். வட அமெரிக்க முள்ளம்பன்றியும் மரமேறும், அதன் வால் எதையும் பற்றாது.

கொல்லையில் கிடக்கும் ஒரு சாண், ஒன்றரைச் சாண் நீள, கறுப்பும் வெள்ளையும் பட்டை போட்ட முள் நம்மூர் விலங்கினுடையது. மரமேறியின் முள் அதில் பாதிகூட வராது.

முள்ளை அம்பாக எய்யும் என்பது பழைய நம்பிக்கை. "எய்" என்றே தமிழில் அதற்கு ஒரு பேர் உண்டு, என்ன செய்ய! உண்மையில் எந்த இனமும் எய்வதில்லை. நம்மூர் விலங்கு முள்ளைச் சிலிர்த்துப் பின்பக்கமாகப் பாயும்; மோதினால் முள் குத்தி நின்றுவிடும். அமெரிக்க இனங்களின் முள் நுனியில் கண்ணுக்குத் தெரியாத, பின்னோக்கிச் சாய்ந்த செதில்கள் உண்டு, அதனால் தசை அசைய அசைய உள்ளே போகும். நம்மூர் முள் வழவழப்பானது.

அதற்காக நாய்க்குக் குத்தியதை நறுக்கிவிட்டு இழுக்காதீர்கள். காற்று போய் முள் தளரும் என்பது பொய். பிளந்து, சிம்பு உள்ளேயே தங்கிச் சீழ் வைக்கும். நெஞ்சிலோ கண்ணருகிலோ குத்தியிருந்தால் தொடாமல் கால்நடை மருத்துவரிடம் கொண்டுபோங்கள்.