1911 தில்லி தர்பார்ப் படச்சுருளைப் பிரேம் பிரேமாகப் பார்ப்பது எப்படி?

1911 டிசம்பர் 12 அன்று, முடிசூட்டைக் கொண்டாட நடந்த தில்லி தர்பாரில் ஐந்தாம் ஜார்ஜ் மன்னரை வணங்கிய பரோடா மன்னர் மூன்றாம் சாயாஜிராவ் கெய்க்வாட், மரபுப்படி பின்னோக்கி நடக்காமல் முதுகைக் காட்டித் திரும்பிவிட்டார் என்று பெரும் சர்ச்சை எழுந்தது. முன்பு அரவிந்தரைத் தம் அரசுப் பணியில் வைத்திருந்தவர், தேசியவாதிகளிடம் பரிவு காட்டுபவர் என்று ஆங்கிலேயர் அவரை ஏற்கெனவே ஐயத்துடன் பார்த்து வந்தனர். வைசிராய் ஹார்டிங்குக்கு அவர் மன்னிப்புக் கடிதம் எழுத வேண்டியதாயிற்று. அந்தச் சில நொடிகளின் படம் இன்றும் இருப்பதால், நாமே நிதானமாகப் பார்த்து முடிவு செய்யலாம்.

படி 1: வண்ணம் ஏற்றிய, நொடிக்கு 60 பிரேமாக (பிரேம் என்பது சுருளின் ஒற்றைப் படம்) மெருகூட்டிய பிரதிகளைத் தவிருங்கள். அவற்றில் இடைப்பட்ட பிரேம்கள் மென்பொருள் இட்டுக்கட்டியவை. தலை எவ்வளவு தாழ்ந்தது என்பதை அவற்றை வைத்துச் சொல்ல முடியாது. கீறலும் புள்ளியுமாக இருக்கும் கறுப்பு வெள்ளைப் பிரதியே மேல்.

படி 2: விஎல்சி (VLC) என்ற படம் ஓட்டும் மென்பொருளில் திறந்து வேகத்தைச் சரிசெய்யுங்கள். பலர் சறுக்குவது இங்கேதான். அக்காலக் கேமராவைக் கையால் சுற்றினார்கள். ஒரு சுற்றுக்கு 8 பிரேம், நொடிக்கு இரண்டு சுற்று என்பது பொதுக் கணக்கு. அந்த 16 பிரேமை இன்று 25 ஆக ஓட்டினால் நிதானமான வணக்கமும் வெடுக்கென்று தலையசைத்ததுபோலத் தெரியும். நடையோ கோபித்துக்கொண்டு போவதுபோல் இருக்கும். வேகத்தை 0.64 அளவுக்குக் குறைத்த பிறகே அவமதிப்பா இல்லையா என்று பேசுவது நியாயம். கை சுற்றும் வேகம் சீராக இராது என்பதால், பின்னணியில் நடப்பவர்களின் நடை இயல்பாகத் தெரியும்வரை சற்றுக் கூட்டிக் குறைத்துப் பாருங்கள்.

படி 3: குனியும் இடத்தில் நிறுத்தி, ஒவ்வொரு பிரேமாக நகர்த்துங்கள். தலை நிமிர்வதிலிருந்து தோள் திரும்பும்வரை பிரேம்களை எண்ணி 16 ஆல் வகுத்தால் நொடிக்கணக்கு கிடைக்கும். இடையில் ஆட்கள் திடீரென்று இடம் மாறியிருந்தால் அங்கே சுருள் வெட்டப்பட்டிருக்கிறது. அந்த இடைவெளியில் அவர் பின்னோக்கி நடந்தாரா என்று படத்தைக் கொண்டு சொல்ல இயலாது.

பிற்சேர்க்கை: 0.64இல் எல்லாரும் மிதப்பதுபோல் தெரிவதாகச் சில வாசகர்கள் எழுதியிருந்தார்கள். பிரேம்களை நகர்த்தும்போது ஒரே படம் இரண்டு முறை வருகிறதா என்று பாருங்கள். வந்தால், பிரதி எடுத்தவர்களே வேகத்தைச் சரிசெய்துவிட்டார்கள். மறுபடியும் குறைக்க வேண்டாம், எண்ணும்போது இரட்டைப் பிரேம்களை விட்டுவிடுங்கள்.