வீட்டுக் கடன் முடியும்போது மொத்தம் எவ்வளவு ஆகும்? நீங்களே கணக்குப் போடுவது எப்படி

வீட்டுக் கடன் வாங்கப் போகிறவரிடம் எவ்வளவு கடன் என்று கேட்டால் டக்கென்று சொல்வார். மாதம் எவ்வளவு கட்ட வேண்டும் என்றாலும் சொல்வார். எல்லாம் அடைந்து முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பீர்கள் என்று கேட்டால்தான் இழுப்பார். அவரைக் குறை சொல்ல முடியாது, கடன் கொடுக்கிறவர்களின் விளம்பரமே மாதத் தவணையோடு நின்றுவிடுகிறது. அந்த மூன்றாவது எண்ணை நாமே போட்டுப் பார்ப்பதற்குத்தான் இந்தப் பதிவு. கூட்டல், கழித்தல், பெருக்கல், வகுத்தல் தெரிந்தால் போதும். எக்செல் மாதிரி ஏதாவது இருந்தால் வேலை சீக்கிரம் முடியும், இல்லாவிட்டால் ஒரு நோட்டும் கால்குலேட்டரும் எடுத்துக்கொள்ளுங்கள்.

நம் உதாரணம் இதுதான்: கடன் 10,00,000. ஆண்டு வட்டி 9%. காலம் 20 ஆண்டுகள், அதாவது 240 மாதங்கள். எந்த நாட்டுப் பணம் என்பது இங்கே தேவையில்லை. வட்டியும் காலமும் இதேதான், கடன் மட்டும் மூன்று மடங்கு என்றால், கீழே வரும் கடன் சம்பந்தப்பட்ட தொகைகளையெல்லாம் மூன்றால் பெருக்கிக்கொண்டால் சரியாக வரும்.

படி 1: மாதத் தவணையும் மொத்தமும்

ஆண்டு வட்டியை 12ஆல் வகுத்தால் மாத வட்டி: 0.75%, அதாவது 0.0075. எக்செல்லில் பிஎம்டி (PMT) என்று ஒரு சூத்திரம் இருக்கிறது. மாத வட்டி, மாதங்களின் எண்ணிக்கை, கடன் தொகை மூன்றையும் கொடுத்தால் தவணையைச் சொல்லிவிடும். கையால் போடுகிறவர்கள் 1.0075ஐ 240 முறை எழுதி ஒன்றோடொன்று பெருக்க வேண்டும். கால்குலேட்டரில் அடுக்குப் பொத்தான் இருந்தால் ஒரே தட்டு, விடை 6.009. முதல் மாத வட்டியான 7,500ஐ 6.009ஆல் பெருக்கி 5.009ஆல் வகுங்கள். இந்த 5.009 என்பது முந்தைய எண்ணில் ஒன்று குறைத்தது, அவ்வளவுதான். கிடைப்பது 8,997 சொச்சம். அதுதான் இஎம்ஐ.

பைசா வரை எடுத்துக்கொண்டால் 8,997.26. இதை 240ஆல் பெருக்குங்கள்: 21,59,342. வாங்கியது 10 லட்சம், ஆக வட்டி மட்டும் 11,59,342. வீட்டுக்காக வாங்கிய பணத்தைவிட அந்தப் பணத்துக்காகக் கொடுத்த பணம் அதிகம்.

ஒரு சின்ன எச்சரிக்கை. வட்டியை மாதாமாதம் கணக்கிடும் கடன்களுக்குத்தான் இந்தக் கணக்கு. கனடாவில் நிலையான வட்டிக் கடன்களுக்கு அரையாண்டுக் கூட்டுவட்டி முறை இருப்பதால் விடை கொஞ்சம் குறைவாக வரும். யாராவது 'ஃப்ளாட் வட்டி' என்று சொன்னால் மட்டும் காதைத் தீட்டிக்கொள்ளுங்கள். கடன் குறையக் குறைய வட்டி குறையாமல், கடைசி வரை முழுத் தொகைக்கும் வட்டி போடுவது அது. 9% ஃப்ளாட் என்றால் நம் உதாரணத்தில் தவணை 11,667 ஆகிவிடும், உண்மையான வட்டி ஏறக்குறைய 13%.

படி 2: ஒவ்வொரு தவணையும் எங்கே போகிறது என்று பிரித்துப் பார்ப்பது

இந்தப் படியைத் தாண்டிப் போகாதீர்கள், மற்ற எல்லாம் இதற்குள்தான் இருக்கிறது. ஒரு அட்டவணையில் ஐந்து பத்திகள் (மேலிருந்து கீழாக வரும் வரிசைகள்) போடுங்கள்: மாதம், தொடக்க நிலுவை, வட்டி, அசல், மீதி நிலுவை.

முதல் மாதம் நிலுவை 10,00,000. அதற்கு வட்டி 7,500. கட்டிய 8,997.26இல் வட்டி போக மிஞ்சுவது 1,497.26, அதுதான் அசலில் கழியும். மீதி 9,98,502.74. இரண்டாம் மாதம் இந்த மீதிக்குத்தான் வட்டி: 7,488.77. அசலில் கழிவது 1,508.49. அதாவது முந்தைய மாதத்தைவிட 11 கூட. இதே இரண்டாவது வரியை எக்செல்லில் 240ஆவது வரி வரை இழுத்துவிட்டால் முழு அட்டவணையும் தயார். கையால் போடுகிறவர்கள் 12 வரி போட்டாலே விஷயம் பிடிபட்டுவிடும்.

முதல் ஆண்டு முடிவில் கட்டியது 1,07,967. அதில் அசலில் கழிந்தது 18,727தான், மீதி 89,240 வட்டிக்குப் போயிற்று. அப்படியே கீழே போய்ப் பாருங்கள். 10 ஆண்டுகள் முடியும்போது, அதாவது பாதிக் காலம் ஓடிய பிறகும், நிலுவை 7,10,259. தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு முதல்முறையாக அதிகமாவது 149ஆவது மாதத்தில். கடன் பாதியாகக் குறைவது 14 ஆண்டுகள் முடியும்போது. கடைசித் தவணையில் வட்டி வெறும் 67.

இதில் ஏமாற்று ஒன்றும் இல்லை. நிலுவை பெரிதாக இருக்கும்போது வட்டியும் பெரிதாக இருக்கும், நேர்மையான கணக்குதான். ஆனால் 'ஏழு வருஷமா கட்டுறேன், கடன் அப்படியே நிக்குது' என்று புலம்புகிறவர்களுக்கு இந்த அட்டவணையை முதல் நாளே யாராவது காட்டியிருக்கலாம். கடன் கொடுக்கும் இடத்தில் கேட்டால் அவர்களே அச்சடித்துத் தருவார்கள், கேளுங்கள்.

படி 3: காலத்தை மாற்றிப் பார்ப்பது

எல்லோரும் வட்டியில் கால் சதவீதம் குறைக்கப் பேரம் பேசுகிறார்கள். காலத்தைப் பற்றிப் பெரும்பாலும் பேசுவதே இல்லை, தவணை கைக்கு அடக்கமாக வந்தால் சரி என்று விட்டுவிடுகிறார்கள். என் கணக்கில் வட்டியைவிடக் காலம்தான் அதிகம் தின்கிறது.

அதே 10 லட்சம், அதே 9%. 15 ஆண்டுகள் என்றால் தவணை 10,143, மொத்த வட்டி 8.26 லட்சம். 20 ஆண்டுகளுக்கு 8,997, வட்டி 11.59 லட்சம். 30 ஆண்டுகளுக்கு 8,046, வட்டி 18.97 லட்சம். 20இலிருந்து 30க்குப் போனால் மாதம் 951 மிச்சம், பதிலுக்கு வட்டி 7,37,000 கூடுகிறது. இப்போது காலத்தை 20 ஆண்டிலேயே வைத்து வட்டியை 9இலிருந்து 8% ஆக்கிப் பாருங்கள்: மிச்சம் 1,52,000. ஒரு முழு சதவீதம் குறைத்துக் கொடுத்தால்கூட அவ்வளவுதான்.

நீண்ட காலம் எடுப்பதே தப்பு என்று சொல்லவில்லை. வருமானம் நிலையாக இல்லாதவர்களுக்குக் குறைந்த தவணை ஒரு பாதுகாப்பு. அந்தப் பாதுகாப்புக்கு என்ன விலை என்று தெரிந்துகொண்டு எடுங்கள்.

படி 4: வட்டி ஏறினால் என்ன ஆகும் என்று போட்டுப் பார்ப்பது

அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே வட்டி என்பது சாதாரணம். பிரிட்டனில் 2 அல்லது 5 ஆண்டுகளுக்கு நிலையாக வைத்துவிட்டு அப்புறம் மாறுவது வழக்கம். இந்தியாவில் பெரும்பாலும் மாறும் வட்டிதான். உங்களுடையது மாறும் வட்டி என்றால் படி 1இல் போட்ட மொத்தம் ஒரு மதிப்பீடு மட்டுமே.

வட்டி ஏறும்போது சில இடங்களில் தவணையைக் கூட்டாமல் காலத்தை நீட்டிவிடுவார்கள். பாக்கெட்டில் வித்தியாசம் தெரியாது என்பதால் பலருக்கு அது நடந்ததே தெரியாது. கடன் தொடங்கிய உடனே 9% என்பது 10% ஆகி, தவணை அதே 8,997இல் நிற்கிறது என்று வையுங்கள். 240 மாதம் 314ஐத் தாண்டிவிடும். ஆறு ஆண்டுகளுக்கு மேல் கூடுதல், மொத்தம் ஏறக்குறைய 28.26 லட்சம். வட்டி 11% ஆனால் இன்னும் மோசம்: முதல் மாத வட்டியே 9,167, தவணை 8,997. கட்டக் கட்டக் கடன் வளரும்.

ஆகவே வட்டி மாறியதாகத் தகவல் வந்தால் கேட்க வேண்டிய கேள்வி ஒன்றுதான்: இன்னும் எத்தனை மாதம் பாக்கி? அந்த எண் கூடியிருந்தால், தவணையைக் கூட்டிக் காலத்தைப் பழையபடி வைக்கச் சொல்லுங்கள். நம் உதாரணத்தில் 10%க்கு 20 ஆண்டுத் தவணை 9,650. மாதம் 653 கூடுதல், வலிக்கும்தான், ஆனால் ஆறு ஆண்டுகள் மிச்சம்.

படி 5: கட்டணங்களையும் வட்டியோடு சேர்ப்பது

ப்ராசசிங் கட்டணம், சட்ட ஆவணச் சரிபார்ப்பு, சொத்து மதிப்பீடு, பதிவுச் செலவு, கடனோடு சேர்த்துத் தலையில் கட்டும் காப்பீடு என்று ஒரு வரிசை உண்டு. எல்லாவற்றையும் எழுத்தில் வாங்கிக் கூட்டுங்கள். கடனில் 2%, அதாவது 20,000 இப்படிப் போகிறது என்றால் உங்கள் கைக்கு வருவது 9,80,000, தவணை கட்டுவதோ 10 லட்சத்துக்கு. அதன்படி உண்மையான வட்டி 9.28% அளவில் வரும். ஐந்தே ஆண்டில் வீட்டை விற்றுக் கடனை முடித்தால் அதே 20,000 குறைந்த காலத்துக்குள் அடங்கிவிடுவதால் 9.5%ஐத் தாண்டும். 'குறைந்த வட்டி, கட்டணம் மட்டும் கொஞ்சம் கூட' என்று ஒருவர் வந்தால் இந்தக் கணக்கில் போட்டுத்தான் ஒப்பிட வேண்டும். காப்பீடு கட்டாயமா, அதை வெளியே வாங்கலாமா என்றும் கேட்டுவிடுங்கள்.

படி 6: முன்கூட்டிக் கட்டினால் எவ்வளவு மிச்சம்

படி 2இன் அட்டவணை இங்கேதான் கைகொடுக்கும். கூடுதலாகக் கட்டுவது முழுக்க அசலில் கழியும், அப்புறம் அந்தத் தொகைக்குக் கடைசி வரை வட்டி கிடையாது.

கையில் 50,000 இருக்கிறது. முதல் ஆண்டு முடிவில் கட்டி, தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைத்தால், கடன் 27 மாதங்களுக்கு மேல் முன்னதாக முடியும், வட்டியில் ஏறக்குறைய 1,98,000 மிச்சம். அதே 50,000ஐ 15 ஆண்டுகள் கழித்துக் கட்டினால் மிச்சம் 26,000தான். மொத்தமாகப் பணம் கிடைக்காதவர்கள் முதல் மாதத்திலிருந்தே 1,000 சேர்த்துக் கட்டினால் 186 மாதத்தில் முடியும், மிச்சம் சுமார் 3 லட்சம்.

இதில் இரண்டு விஷயங்களைக் கவனியுங்கள். முன்கூட்டிக் கட்ட அபராதம் உண்டா என்று கடன் ஒப்பந்தத்தில் பாருங்கள். அப்புறம், கூடுதல் பணம் கட்டும்போது காலத்தைக் குறைக்கவா, தவணையைக் குறைக்கவா என்று கேட்பார்கள். கேட்காமல் தவணையைக் குறைத்துவிடுவதும் உண்டு. மேலே சொன்ன மிச்சமெல்லாம் காலத்தைக் குறைத்தால்தான்.

நியாயமான ஒரு எதிர்க்கேள்வியும் இருக்கிறது. 20 ஆண்டு கழித்துக் கட்டும் 8,997க்கு இன்றைய மதிப்பு இருக்குமா? இருக்காது. விலைவாசி ஆண்டுக்கு 5% ஏறுகிறது என்று வைத்துக்கொண்டால் கடைசித் தவணை இன்றைய மதிப்பில் 3,400 மாதிரிதான், மொத்தம் 21.59 லட்சமும் இன்றைய மதிப்பில் 13.76 லட்சம் அளவுக்கு இறங்கும். அதனால் 'இரண்டு மடங்குக்கு மேல் கட்டுகிறேன்' என்று தூக்கம் கெட வேண்டியதில்லை. ஆனால் இந்த ஆறுதல் உங்கள் சம்பளமும் விலைவாசியோடு ஏறினால் மட்டுமே. அவசரத்துக்கென்று வைத்திருக்கும் பணத்தைத் துடைத்துக் கடனில் போடுவதையும் நான் சொல்ல மாட்டேன், போட்ட பணத்தைத் திரும்ப எடுப்பது சுலபம் இல்லை.

படி 7: வேறு இடத்துக்குக் கடனை மாற்றும்போது

ஐந்து ஆண்டுகள் கட்டிவிட்டீர்கள், நிலுவை 8,87,070. வேறொருவர் 8%க்குத் தருகிறேன் என்கிறார், தவணை 7,420தான், மாதம் 1,577 மிச்சம். யாருக்கும் ஆசை வரும். காலம் எவ்வளவு என்று பாருங்கள்: மறுபடியும் 20 ஆண்டு. 7,420ஐ 240ஆல் பெருக்கினால் 17.8 லட்சம். பழைய கடனிலேயே மீதி 180 மாதம் கட்டியிருந்தால் 16.2 லட்சம். வட்டி குறைந்தது, தவணையும் குறைந்தது, மொத்தம் மட்டும் 1,61,000 கூடிவிட்டது.

அதே 8%க்குக் காலத்தை 15 ஆண்டு என்று கேட்டு வாங்கினால் தவணை 8,477, மொத்தத்தில் 93,600 மிச்சம். மாறுவதற்கான கட்டணம் 20,000 என்றால் அதை இதில் கழியுங்கள். தவணையில் மிச்சமாவது மாதம் 520, அதை மட்டும் வைத்துப் பார்த்தால் அந்த 20,000 திரும்பி வர 39 மாதம் ஆகும். அதற்குள் வீட்டை விற்கும் யோசனை இருந்தால், கையெழுத்துப் போடும் முன் இன்னொரு தடவை கணக்கைப் பாருங்கள்.