கோப்பி ஓ-வை வைத்து மாஸ் ஸ்பெக்ட்ரம் படிக்கப் பழகுவோம்

மாஸ் ஸ்பெக்ட்ரம் என்பது மூலக்கூறுகளுக்கு மின்சுமை ஏற்றி, அதாவது அயனியாக்கி, நிறைவாரியாக அளந்த வரைபடம். அதில் உயர்ந்து நிற்கும் கோடுதான் பீக். பினாங்கில் எங்கள் லேப்புக்குப் புதிதாக வரும் தம்பி தங்கைகள் அதன் பிரிண்ட் அவுட்டை நீட்டி, "அக்கா, இந்த 195 என்ன?" என்று கேட்பார்கள். நான் திருப்பிக் கேட்பது எப்போதும் ஒன்றுதான்: எப்படி அயனியாக்கினாய்? கோப்பியில் இருக்கும் கஃபீன் ஒரு கருவியில் 194-ல் நிற்கும், இன்னொன்றில் 195-ல் நிற்கும், இரண்டுமே சரி. அயனி பிறந்த விதம் தெரிந்தால்தான் எண் பேசும்.

படி 1: சாம்பிள்

ஜார்ஜ் டவுனில் ஏதாவது ஒரு கோப்பிக் கடையில் கோப்பி ஓ கொசோங், அதாவது பாலும் சீனியும் இல்லாத கோப்பி, ஒன்று கட்டி வாங்கிக்கொள்ளுங்கள். சீனி போட்டது வேண்டாம். நம் ஊர்க் கோப்பிக் கொட்டையையே சீனியும் மார்ஜரினும் சேர்த்துத்தான் வறுக்கிறார்கள், அதுவே கருவிக்குப் போதுமான தொல்லை. 0.22 மைக்ரோமீட்டர் ஃபில்டரில் வடித்து, பாதித் தண்ணீர் பாதி மெத்தனாலில் 0.1 சதவீதம் ஃபார்மிக் அமிலம் சேர்த்த கலவையில் 1000 மடங்கு நீர்க்கச் செய்யுங்கள். கெட்டியாக விட்டால் சிக்னல் கூடும் என்று நினைக்காதீர்கள். பொருள்கள் ஒன்றையொன்று அமுக்கும், கருவியும் அழுக்காகும்.

அதே கலவையைக் கோப்பி இல்லாமல் தனியே ஒரு முறை ஓட்டுங்கள். இதை மட்டும் தயவுசெய்து விட்டுவிடாதீர்கள். நான் ஒரு தடவை ஜாதிக்காய்ச் சாம்பிளில் 391.28 என்று அழகான பீக் ஒன்றைப் பார்த்துவிட்டு, புதுப் பொருள் கிடைத்துவிட்டது என்று ஒரு நாள் முழுக்க ஃபார்முலா போட்டுக்கொண்டிருந்தேன். கடைசியில் அது பிளாஸ்டிக்கை வளைய வைக்கச் சேர்க்கும் தாலேட். நான் பயன்படுத்திய குழாயிலிருந்து ஊறி வந்திருந்தது. வெறுங்கலவையை முதலில் ஓட்டியிருந்தால் பத்து நிமிடத்தில் தெரிந்திருக்கும்.

படி 2: எந்த அயனியாக்கம்?

எலக்ட்ரான் மோதல் முறை ஜிசி-யோடு, அதாவது பொருள்களை ஆவியாக்கிப் பிரிக்கும் வாயுக் குரோமடோகிராஃபியோடு, வரும். ஆவியான மூலக்கூறின்மேல் 70 எலக்ட்ரான் வோல்ட் ஆற்றலுள்ள எலக்ட்ரான்கள் பாயும். ஓர் எலக்ட்ரானைப் பிடுங்க பெரும்பாலும் 10 எலக்ட்ரான் வோல்ட் அளவே போதும். மிஞ்சிய ஆற்றலில் ஒரு பகுதி மூலக்கூறுக்குள் தங்கி அதைத் துண்டு துண்டாக்கிவிடும். இழந்தது ஓர் எலக்ட்ரான்தான், அதனால் நிறை அப்படியே இருக்கும்: கஃபீனுக்கு 194. எல்லோரும் 70-லேயே ஓட்டுவதால் துண்டுகளின் வடிவமும் ஒத்துப்போகும், தெரிந்த ஸ்பெக்ட்ரங்களைச் சேர்த்து வைத்த நூலகத்தோடு ஒப்பிட முடிவது அதனால்தான்.

எலக்ட்ரோஸ்ப்ரே மென்மையானது. நுண்ணிய ஊசியில் மின்னழுத்தம் கொடுத்துத் திரவத்தைத் துளிகளாகச் சிதறடிப்பார்கள், துளி காய்ந்து சுருங்கச் சுருங்க அயனிகள் வெளியே வரும். மூலக்கூறு உடையாமல், நிறை ஏறக்குறைய 1 உள்ள ஒரு புரோட்டானை ஏற்றுக்கொள்ளும், ஆகவே 195.088. மால்டி என்பது மேட்ரிக்ஸ் எனும் பொருளோடு சாம்பிளைக் காயவைத்து லேசரால் அடிப்பது. புரதம், பாலிமருக்கு நல்லது, நம் கோப்பிக்கு அவசியமில்லை. எலக்ட்ரோஸ்ப்ரேக்காக ஜான் ஃபென், லேசர் முறைக்காக கோயிச்சி தனாகா இருவரும் 2002 வேதியியல் நோபலில் பங்கு பெற்றார்கள்.

படி 3: பெரிய எண்ணிலிருந்து கீழே இறங்குங்கள்

கிடைமட்ட அச்சில் இருப்பது எடை மட்டும் இல்லை, அயனியின் நிறையை அதன் மின்சுமை எண்ணால் வகுத்தது. சின்ன மூலக்கூறுக்கு மின்சுமை ஒன்று என்பதால் வித்தியாசம் தெரியாது. மனித இன்சுலினை எலக்ட்ரோஸ்ப்ரேயில் விட்டால் 1452.9, 1162.5 என்று பீக்குகள் வரிசையாக வரும். பக்கத்துப் பக்கத்துப் பீக்குகளுக்கு ஒரு புரோட்டான்தான் வித்தியாசம். சிறியதிலிருந்து 1 கழித்தால் 1161.5, இரண்டு பீக்குக்கும் இடைவெளி 290.4, 1161.5-ஐ அதால் வகுத்தால் 4. ஆக பெரியது நான்கு மின்சுமை உள்ளது. புரோட்டானைக் கழித்து நான்கால் பெருக்கினால் 5807.6, அதுதான் இன்சுலினின் நிறை.

சரி, கோப்பிக்கு வருவோம். 195-க்கு மேலே 217, 233 என்று குட்டிப் பீக்குகள் இருக்கும். புதுப் பொருள் என்று பதற வேண்டாம். 217 என்பது கஃபீன் புரோட்டானுக்குப் பதில் சோடியத்தைப் பிடித்தது, 233 பொட்டாசியத்தைப் பிடித்தது. கோப்பியில் பொட்டாசியம் நிறைய. 22, 38 என்ற இடைவெளிகளை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள்.

195-க்குப் பக்கத்தில் 196-ல் சுமார் 10 சதவீத உயரத்துக்கு ஒன்று நிற்கும். அது கார்பன்-13, சாதாரணக் கார்பனைவிட ஒன்று கனமான வகை. கார்பனுக்கு 1.1 சதவீதம் வீதம் கஃபீனின் 8 கார்பனுக்குக் கிட்டத்தட்ட 9, மீதியை 4 நைட்ரஜன் தரும். இரண்டு எண் தள்ளி மூன்றில் ஒரு பங்கு உயரத்தில் துணைப் பீக் இருந்தால் குளோரின், சம உயரத்தில் இருந்தால் புரோமின்.

படி 4: என்ன போனது?

எனக்கு மிகப் பிடித்த இடம் இது. எலக்ட்ரான் மோதலில் 194, 137, 109. எலக்ட்ரோஸ்ப்ரேயில் 195-ஐத் தனியாகப் பிரித்து வாயுவோடு மோதவிட்டால் 195, 138, 110. இரண்டிலும் முதலில் 57 போகிறது, அது மெத்தில் ஐசோசயனேட். அப்புறம் 28 போகிறது, அது கார்பன் மோனாக்சைடு. எண்கள் ஒன்று தள்ளி நிற்கின்றன, இழப்பு ஒன்றேதான். இதைக் கையால் எழுதிப் பாருங்கள், அயனியாக்கம் ஏன் முதல் கேள்வி என்பது அப்போது தானாகப் பிடிபடும்.

ஒரு எச்சரிக்கை. 195-ஐப் பிரிக்காமல் கோப்பியை நேரடியாக ஓட்டினாலும் 138 வரும், அதை உடனே கஃபீன் துண்டு என்று எழுதிவிடாதீர்கள். கோப்பியில் டிரைகோனலின் என்ற பொருளும் உண்டு. அதன் புரோட்டான் சேர்ந்த அயனி 138.055, கஃபீன் துண்டு 138.066. உயர் துல்லியக் கருவி இருந்தால் இரண்டும் பிரியும், இல்லையென்றால் எல்சி எனும் திரவக் குரோமடோகிராஃபியின் குழாயில் முதலில் பிரித்துவிட்டுப் பாருங்கள்.

படி 5: பயிற்சிக்கு ஜாதிக்காய்

பினாங்குத் தீவின் பாலிக் புலாவிலிருந்து வரும் ஜாதிக்காய் எண்ணெய் ஒரு துளியை நீர்க்கச் செய்து ஜிசி-யில் விடுங்கள். முதலில் வரும் கூட்டத்தில் பலவற்றுக்கும் நிறை 136, உயரமான பீக் 93: சபினீன், பைனீன் போன்ற, 10 கார்பன் உள்ள மோனோடெர்பீன்கள். ஸ்பெக்ட்ரம் மட்டும் பார்த்து இவற்றைப் பிரிக்க முயல வேண்டாம், வெளிவரும் நேரத்தைத் தெரிந்த சாம்பிளோடு ஒப்பிடுங்கள். வெகு நேரம் கழித்து 192 உயரமாக, கூடவே 165, 161 என்று ஒன்று வரும். 192-லிருந்து 31 போனால் 161. அந்த 31 ஒரு மெத்தாக்சி (OCH3). அதுதான் ஜாதிக்காயில் உள்ள மிரிஸ்டிசின்.